ஏன் என்பது அலமாரியில் இல்லை

பிப்ரவரி 11

காலையிலிருந்து இரண்டாம் எண் பம்பு சொட்டிக்கொண்டே இருந்தது. அச்சைச் சுற்றியிருந்த பழைய கயிற்றைப் பிடுங்கிவிட்டுப் புதுக் கயிறு சுற்றினேன். சொட்டு நின்றது. கையை மண்ணெண்ணெயில் கழுவிக்கொண்டிருந்தபோது போனில் செய்தி வந்தது. முடிவு வெளியாகிவிட்டது.

முதல்நிலைப் பம்பு இயக்குநர் தேர்வு. பாடத்தாளில் தேறிவிட்டேன். கணக்குத்தாளில் நாற்பத்து நான்கு. ஐம்பது வேண்டும்.

இது மூன்றாவது முறை. இதில் தேறினால்தான் எங்கள் பம்பு நிலையத்தில் பொறுப்பாளர் ஆகலாம். பொறுப்பாளருக்கு ஷிப்ட் கிடையாது, பகல் வேலை மட்டும். செப்டம்பர் முப்பதோடு எனக்கு நாற்பத்தைந்து முடிகிறது. அதற்குப் பிறகு பெயரைப் பதவி உயர்வுப் பட்டியலில் ஏற்ற மாட்டார்கள். அடுத்த தேர்வோ நவம்பரில். இந்தக் கணக்கு மட்டும் எனக்குச் சரியாக வருகிறது.

இரண்டு மணிக்கு அக்கா வந்து ஷிப்டை வாங்கிக்கொண்டாள். நிலையத்தில் அவளுக்குப் பெயர் கடிகாரம். கேட்டில் அவள் செருப்புச் சத்தம் கேட்டால் நாம் மணியைத் திருத்திக்கொள்ளலாம். என்னைவிட இரண்டு வயது சின்னவள்தான், ஆனால் வேலைக்கு எனக்கு முன்னால் சேர்ந்தவள். அதனால் நான் அவளை அக்கா என்பேன், அவள் என்னை அண்ணே என்பாள். கேட்கிறவர்களுக்குத்தான் தலை சுற்றும். என் முகத்தைப் பார்த்ததும் முடிவு அவளுக்குத் தெரிந்துவிட்டது. அவளும் இதே தேர்வை எட்டு வருஷத்துக்கு முன்பு இரண்டு தடவை எழுதித் தோற்றுவிட்டு, "நமக்கு அவ்வளவுதான் மண்டை" என்று விட்டவள்.

நிலையத்துப் பதிவேட்டில் அழுத்தத்துக்குப் பத்தி இருக்கிறது, நீர்மட்டத்துக்கு இருக்கிறது, மின்னோட்டத்துக்கு இருக்கிறது. எனக்கு இல்லை. அதற்குத்தான் இந்த நோட்டு.

பிப்ரவரி 12

இன்று யாரிடமும் பேசவில்லை. பம்புகள் ஒழுங்காக ஓடின.

பிப்ரவரி 19

ஒரு வாரமாக வாய் சும்மா இல்லை. திருத்தியவன் கண்ணை மூடிக்கொண்டு திருத்தியிருக்கிறான் என்றேன். தூங்கிக்கொண்டே திருத்தியிருக்கிறான் என்றேன். டீக்கடையில் சொன்னேன், பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த முன்பின் தெரியாத மனிதரிடமும் சொன்னேன். அவர் பாவம், அடுத்த நிறுத்தத்திலேயே இறங்கிவிட்டார்.

மனைவியின் தம்பி சாப்பிட வந்திருந்தான். "ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம், மச்சான்" என்று சிரித்தான். அவன் எந்தத் தேர்வையும் ஒரே தடவையில் முடிப்பவன். எனக்குச் சுருக்கென்றது. தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டேன். நாற்பத்து நான்கு வயசில் தட்டைத் தூக்கிக்கொண்டு கோபித்துக்கொள்கிறேன், வெட்கமாக இருக்கிறது.

அவன் போனபிறகு மனைவி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அவளுக்கு மூக்குக்கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கும் வேலை, ஒன்பதிலிருந்து ஏழு வரை. எனக்கு வாரத்துக்கு வாரம் ஷிப்ட் மாறும். பத்தொன்பது வருஷமாக எங்கள் குடும்பப் பேச்சில் பாதி ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டிய சீட்டுகளில்தான் நடக்கிறது. அவள் பக்கத்தில் வந்து உட்கார்கிறாள் என்றால் விஷயம் பெரிது. அவள் கடைக்கு வருகிற ஒருவர், தகவல் அறியும் சட்டத்தில் மனுப் போட்டுத் தன் பழைய சம்பளக் கோப்பை வாங்கினாராம். "ஊரெல்லாம் வாயால திட்டறதை ஒருதடவ எழுத்தால கேளுங்களேன்" என்றாள்.

திட்டுவது சுகமாக இருக்கிறது. கேட்பது பயமாக இருக்கிறது. கேட்டால் பதில் வந்துவிடுமே?

பிப்ரவரி 23

மனு எழுதினேன். நான்கு பக்கம். என் பத்தொன்பது வருஷ அனுபவம், போன வெள்ளத்தில் மூன்று நாள் வீட்டுக்குப் போகாமல் பம்பை ஓட்டியது, எல்லாம் வந்துவிட்டது. கடைசியில், "நான் ஏன் தோற்றேன் என்பதற்கான காரணத்தை இச்சட்டத்தின்கீழ் எனக்குத் தெரிவிக்கவும்" என்று முடித்தேன். படிக்கப் படிக்க எனக்கே கண் கலங்கியது. மனைவி படித்துவிட்டு, நன்றாக இருக்கிறது, யாருக்கு என்று கேட்டாள்.

மார்ச் 21

இருபத்தாறாம் நாள் பதில் வந்தது. என் நான்கு பக்கத்துக்கு ஒன்றரை வரி.

"தாங்கள் கோரிய 'காரணம்' என்னும் ஆவணம் இவ்வலுவலகத்தில் பராமரிக்கப்படவில்லை."

ஆவணமாமே! நான் தோத்ததுக்குக் காரணம் கேட்டா பராமரிக்கலையாம். பராமரிக்காம என்ன பண்றீங்க அங்க? மட்டத்தைப் பார்த்து எழுதாம நான் ஒரு மணிநேரம் இருந்தா என் சம்பளத்தை வெட்டுவீங்கல்ல?

(பிறகு.) தண்ணீர் குடித்தேன். திங்கட்கிழமை நேரிலேயே போவது என்று முடிவு.

மார்ச் 24

தேர்வு வாரியம், மூன்றாவது மாடி. லிஃப்ட் வேலை செய்யவில்லை. மூச்சு வாங்கிக்கொண்டு, சண்டைக்குத் தயாராக ஏறினேன். அந்தப் படிகளில் பாதிச் சண்டை வடிந்துவிட்டது.

தகவல் அலுவலர் ஒரு அம்மாள். ஐம்பதைத் தாண்டியிருக்கும். அறை முழுக்க இரும்பு அலமாரிகள், ஜன்னலைக்கூட ஓர் அலமாரி பாதி மறைத்திருந்தது. மூக்குக்கண்ணாடியின் ஒரு கீல் உடைந்து ஒட்டுத்தாள் சுற்றியிருந்தார். என் நான்கு பக்கம் அவர் மேசையில் இருந்தது. முழுவதும் படித்திருக்கிறார்! வெள்ளத்தைப் பற்றி எழுதிய இடத்தில் ஒரு குறிப்புச் சீட்டுகூட வைத்திருந்தார். உலகத்தில் என் கதையை முழுதாகப் படித்த இரண்டாவது ஆள்.

கத்த வேண்டும் என்று வந்தவன், உட்காருங்கள் என்றதும் உட்கார்ந்துவிட்டேன்.

"நீங்க கேட்டது கேள்வி. நாங்க குடுக்கறது தாள்" என்றார். "ஏன்ங்கறது எங்க அலமாரியில இல்ல. அலமாரியில என்ன இருக்கோ அதைக் கேளுங்க."

என்ன இருக்கிறது என்று கேட்டேன்.

"உங்க விடைத்தாள் இருக்கு. ஒரு வருஷம் வெச்சிருப்போம், அப்புறம் கூழாக்கறதுக்குப் போயிடும்."

என் தாளை நானே பார்க்கலாம் என்பது எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. தேர்வு எழுதிக் கொடுத்தால் அது கிணற்றில் போட்ட கல் என்றுதான் இத்தனை வருஷம் நினைத்திருந்தேன். அங்கேயே ஒரு வெள்ளைத் தாள் வாங்கி ஒரே வரியில் எழுதினேன்: எனது கணக்குத்தாள் விடைத்தாளைப் பார்வையிடவும், நகல் பெறவும் வேண்டும். முத்திரை குத்தி ரசீது கொடுத்தார். மாடியிலிருந்து இறங்கும்போதுதான் கவனித்தேன், திட்டுவதற்காகத் தயாரித்து வைத்திருந்த வாக்கியங்களில் ஒன்றைக்கூடச் சொல்லவில்லை.

ஏப்ரல் 2

ஒன்பது நாள் ஆயிற்று. பம்பு 1, 3 ஓட்டத்தில். மனம் சும்மா சுற்றுகிறது.

ஏப்ரல் 20

கடிதம் வந்தது. இருபத்து நான்காம் தேதி பதினோரு மணிக்கு வந்து பார்க்கலாம். மனைவி இதை எடுத்து ஃப்ரிட்ஜ் கதவின் நட்ட நடுவில் ஒட்டிவிட்டாள். பால் வாங்க வேண்டும் என்ற சீட்டு ஓரத்துக்குப் போய்விட்டது.

ஏப்ரல் 24

எழுதத்தான் வேண்டும். இதை எழுதாவிட்டால் இந்த நோட்டு எதற்கு?

அந்த அம்மாள் எதிரில் உட்கார்ந்து தாளை என் முன்னால் வைத்தார். திருத்தியவர் பெயர் இருந்த இடத்தில் கறுப்புப் பட்டை. ஒன்று, இரண்டு, மூன்று என்று புரட்டினேன். சிவப்புச் சரிக்குறிகள் ஒழுங்காக இருந்தன. தப்புக்குத் தப்பு போட்டிருந்தார். கண்ணை மூடிக்கொண்டு திருத்தியவர் இல்லை. ஓர் இடத்தில் விடை தப்பு, வழி சரி என்று பாதி மதிப்பெண்கூடக் கொடுத்திருந்தார்.

ஏழாம் பக்கம். கீழ் இடது மூலையிலிருந்து மேல் வலது மூலை வரை ஒரு சாய்கோடு. அளவுகோல் வைத்தது போல நேராக, நீல மையில். கோட்டின் தலைமாட்டில் சின்னதாக 11.20 என்று. எட்டாம் பக்கத்திலும் அதேபோல ஒரு கோடு, 11.35. இரண்டு பக்கத்திலும் சேர்ந்து மூன்று கணக்குகள், பதினான்கு மதிப்பெண். மேலே சிவப்பில் "ரத்து" என்று எழுதி, வட்டத்துக்குள் பூஜ்யம்.

யாரோ என் தாளில் கோடு போட்டிருக்கிறார்கள் என்று கத்தப் போனேன். வாயைத் திறந்தும்விட்டேன். அப்போது அந்த 11.20-ஐ மறுபடி பார்த்தேன். அந்த ஒன்று என் ஒன்று. அந்த இரண்டின் வால் என் இரண்டின் வால். தினமும் எட்டு மணிநேரம் நான் எழுதுகிற எண்கள்.

கோடு போட்டது நான்தான்.

எங்கள் நிலையத்தில் பதிவேட்டின் ஒரு பக்கம் நிறைந்ததும், எல்லா எண்களையும் ஒருமுறை சரிபார்த்துவிட்டு, பக்கத்தின் குறுக்கே சாய்வாக ஒரு கோடு இழுத்து மணியைப் போடுவோம். இந்தப் பக்கம் சரி, முடிந்தது, இதற்குமேல் இதில் யாரும் எதையும் நுழைக்கக் கூடாது என்று அர்த்தம். பத்தொன்பது வருஷம், ஷிப்டுக்கு ஒரு கோடு. தேர்வில் அந்த மூன்று கணக்கும் எனக்கு நன்றாக வந்தன. சரிபார்த்தேன், திருப்தி. கை தானாகக் கோட்டைப் போட்டு மணியையும் எழுதிவிட்டது. மனசுக்குச் சொல்லவே இல்லை. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள், நான் கையால் கெட்டேன்.

நான் இதைத் திக்கித் திக்கிச் சொன்னேன். அந்த அம்மாள் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் அழுதிருப்பேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு ஓரத்தில் ஓர் இடத்தைக் காட்டினார். 11.20-க்குப் பக்கத்தில் பென்சிலில் மெல்லிய ஒரு கேள்விக்குறி. திருத்தியவர் போட்டது. அவரும் இது என்னடா மணி என்று நின்று யோசித்திருக்கிறார். கேட்க அவருக்கு ஆள் இல்லை.

இரண்டு மாதமாக அந்த மனிதரை நான் என்னவெல்லாம் சொன்னேன். ஆணா பெண்ணா என்றுகூடத் தெரியாது. மன்னிக்க வேண்டும். இந்த நோட்டில் எழுதுவதைத் தவிர அவரிடம் சொல்ல எனக்கு வழி இல்லை.

நகலை உறையில் போட்டுக் கொடுக்கும்போது அந்த அம்மாள், "நான் தகவல் அலுவலர், வக்கீல் இல்ல. யோசனை சொல்லக் கூடாது" என்றார். உறையை என் கையில் வைத்துவிட்டு, "நீங்க உங்க தாளை மட்டுந்தான் கேட்டிருக்கீங்க. எங்க தாளைக் கேக்கல" என்றார்.

எனக்குப் புரியவில்லை. தலையாட்டிவிட்டு வந்துவிட்டேன்.

ஏப்ரல் 25

மனைவி நகலைக் கடையின் பெரிய விளக்குக்கடியில் வைத்துப் பார்த்துவிட்டு வந்தாள். பழிக்கவில்லை. "கோடு ரொம்ப நேரா இருக்கு" என்றாள். அதற்குப் பிறகுதான் இரண்டு பேரும் சிரித்தோம். வயிறு வலிக்கும்வரை சிரித்தோம். பிப்ரவரிக்குப் பிறகு இன்றுதான் நான் சிரிக்கிறேன் என்று அவள் சொல்லித்தான் தெரிந்தது.

அந்த அம்மாள் சொன்னதை அவளிடம் ஒப்பித்தேன். கண் பரிசோதிக்கிறவள் அல்லவா, உடனே தெரிந்துவிட்டது. திருத்துகிறவர்களுக்கு வாரியம் ஏதாவது விதி எழுதிக் கொடுத்திருக்கும். கோடு போட்டிருந்தால் என்ன செய்ய வேண்டும் என்று அதில் இருக்கும். அதுதான் அவர்கள் தாள். அதைக் கேட்கச் சொல்லியிருக்கிறார்.

பயம் போய்விட்டது. தோற்றதற்குக் காரணம் என் மண்டை இல்லை, என் கை. இது தெரிந்ததே எனக்குப் போதும் போல இருக்கிறது. போதுமா? இல்லை, போதாது. பகல் வேலையும் வேண்டும்.

ஏப்ரல் 27

ஷிப்ட் மாறும்போது அக்காவிடம் சொன்னேன். நகலைக் கையில் வாங்கிப் பார்த்தவள் அப்படியே ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள். இரண்டு மணியைத் தாண்டி ஏழு நிமிஷம், பதிவேட்டைத் திறக்கவில்லை. கடிகாரம் நின்று நான் பார்த்தது இதுதான் முதல் தடவை.

"நானும் போட்டேன் அண்ணே. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. நல்லா வந்த கணக்குக்கெல்லாம் போட்டேன்."

உடனே மனுப் போடலாம் என்றேன். பயனில்லை என்று அவளே தலையை ஆட்டினாள். எட்டு வருஷம். ஒரு வருஷத்துக்குமேல் தாளை வைத்திருக்க மாட்டார்கள். அவளுடைய இரண்டு தாளும் எப்போதோ கூழாகி அட்டைப்பெட்டியாகியிருக்கும். எனக்கு முன்னால் யாராவது ஒரே ஒருவர் கேட்டிருந்தால்?

அவளுக்கு இன்னும் இரண்டு வருஷம் இருக்கிறது. நவம்பரில் எழுது என்றேன். அவள் மட்டம் பார்க்கப் போய்விட்டாள்.

மே 2

மூன்றாவது மனு. ஒரே வரி. "விடைத்தாள் திருத்துவோருக்கு வாரியம் வழங்கிய நெறிமுறைக் கையேட்டின் நகல்." மனு எழுதுவதில் இப்போது எனக்குக் கை வந்துவிட்டது. அதே கைதான், இந்தத் தடவை கவனமாகப் பார்த்துக்கொண்டேன்.

மே 28

வந்துவிட்டது! பக்கம் ஒன்பது, விதி பதினான்கு.

"தேர்வர் ஒரு விடையைக் குறுக்குக் கோட்டால் அடித்து, 'ரத்து' என்று தம் கையால் எழுதியிருந்தால் மட்டுமே அது ரத்தான விடையாகக் கொள்ளப்படும். கோடு மட்டும் காணப்படின் விடையைத் திருத்தி மதிப்பெண் வழங்குக."

'ரத்து' என்று எழுதியிருப்பது சிவப்பு மையில், திருத்தியவர் கையில். நான் எழுதியது வெறும் மணி. நாலு தடவை படித்தேன். மனைவிக்குப் போன் போட்டேன். யாரோ ஒருவரின் கண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தாளாம், எழுத்துப் பலகையில் எந்த வரியில் நிறுத்தினோம் என்பதே அவளுக்கு மறந்துவிட்டதாம்.

அவர் மேல் கோபம் வரவில்லை. முந்நூறு தாளுக்கு நடுவில் ஒரு கோடும் ஒரு மணியும். பதினான்காம் விதி யாருக்குத்தான் நினைவிருக்கும். நான் மட்டும் என்ன, வாரியம் தாளின் முன்பக்கத்தில் அச்சடித்த அறிவுரைகளை ஒரு தடவையாவது படித்தேனா?

ஜூன் 4

மறுதிருத்த மனுவுக்கு எங்கள் பதிவேட்டின் ஒரு பக்கத்தை அத்தாட்சியாக இணைக்க வேண்டும், அப்போதுதான் கோட்டின் அர்த்தம் அவர்களுக்குப் புரியும். எங்கள் மேலதிகாரியான பொறியாளரிடம் போய்ப் பயந்து பயந்து கேட்டேன். பதிவேட்டை வெளியில் கொடுக்க மாட்டேன் என்பார் என்று நினைத்தேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டுப் பதிவேட்டின் கோடுகளைப் புரட்டிப் பார்த்தார். பிறகு, பதினோரு வருஷத்தில் இங்கிருந்து தேறியவர்கள் இரண்டே பேர், அந்த இரண்டு பேரும் ஸ்டோர்ஸில் வேலை பார்த்தவர்கள், பம்புப் பக்கம் வராதவர்கள் என்றார். நகலில் அவரே முத்திரை குத்திக் கையெழுத்துப் போட்டார். அதோடு விடவில்லை. பம்பு இயக்குநர்களின் பழக்கம் இது என்று வாரியத்துக்குத் தனியாக ஒரு கடிதமும் எழுதிக் கொடுத்தார். எல்லாவற்றையும் சேர்த்து மறுதிருத்த மனுவை இன்றே அனுப்பிவிட்டேன்.

கேட்டால் இத்தனை பேர் கொடுக்கிறார்கள். இவ்வளவு நாள் நான் கேட்காமல் இருந்திருக்கிறேன்.

ஜூன் 30

பதில் இல்லை.

ஜூலை 19

பதில் இல்லை. மூன்றாம் பம்பின் மோட்டாரைக் கழற்றி அனுப்பினோம். அக்கா தேர்வு விண்ணப்பம் வாங்கிவிட்டதாகக் கேள்வி. என்னிடம் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

ஆகஸ்ட் 8

செப்டம்பர் முப்பதுக்கு இன்னும் ஐம்பத்து மூன்று நாள். விடியற்காலையில் எழுந்து எண்ணுகிறேன். எண்ணாதீங்க, தூங்குங்க என்கிறாள் மனைவி. நாள் குறைவதைப் பார்த்துக்கொண்டு யாரால் தூங்க முடியும்? வாரியத்திடம் ஞாபகப்படுத்தினேன். பரிசீலனையில் உள்ளது என்றார்கள்.

ஆகஸ்ட் 18

ஐம்பத்து மூன்று. நாள் இல்லை, மதிப்பெண்.

தேறிவிட்டேன். தேறிவிட்டேன். இன்னொரு தடவை எழுதிக்கொள்கிறேன், தேறிவிட்டேன்.

பதினான்கும் கிடைக்கும் என்று ஊரெல்லாம் அளந்து வைத்திருந்தேன். ஒன்பதுதான் கிடைத்தது. மூன்றாவது கணக்கு தப்பு. லிட்டரைக் கனமீட்டராக்க மறந்திருக்கிறேன். சரிபார்த்து, கோடு போட்டு, 11.35 என்று மணியும் போட்ட கணக்கு! மனைவியின் தம்பி இதைக் கேட்டுவிட்டு அரைமணி நேரம் சிரித்தான். சிரிக்கட்டும். பிறகு என் தோளைக் கட்டிக்கொண்டு, "நான் இதெல்லாம் கேட்டிருக்க மாட்டேன் மச்சான். பேசாம விட்டிருப்பேன்" என்றான். அவன் வாயிலிருந்து இப்படி ஒரு வார்த்தை வரும் என்று நான் கனவிலும் நினைத்ததில்லை.

ஆகஸ்ட் 21

வாரியத்துக்குப் போனேன். லிஃப்ட் இன்னும் சரியாகவில்லை, படி ஏறுவது இன்று கடினமாகத் தெரியவில்லை. நன்றிக் கடிதம் ஒன்று எழுதி எடுத்துப் போயிருந்தேன். இதுவும் நான்கு பக்கம்.

அந்த அம்மாள் நின்றபடியே எல்லாவற்றையும் படித்தார். "மனுவுக்குப் பதிவேடு இருக்கு. மேல்முறையீட்டுக்கும் இருக்கு. நன்றிக்கு எங்ககிட்ட பதிவேடு இல்ல" என்றார். கடிதத்தை மடித்துத் தன் கைப்பைக்குள் வைத்துக்கொண்டார்.

மனைவி சொல்லியனுப்பியிருந்தாள்: கண்ணாடியைக் கடைக்குக் கொண்டுவந்தால் கீலை மாற்றித் தருகிறேன் என்று. ஐந்து நிமிஷ வேலை. அவர் ஒட்டுத்தாளைத் தொட்டுப் பார்த்துவிட்டுச் சிரித்தார். ஓய்வு பெற்ற மறுநாள் வருவதாகவும், அதுவரை ஒட்டுத்தாள் தாங்கும் என்றும் சொன்னார்.

நான் பார்த்த அரசாங்க அறைகளில் அந்த அறைக்குத்தான் மறுபடி போகலாம் என்று தோன்றுகிறது.

செப்டம்பர் 26

ஆணை வந்தது. நிலையப் பொறுப்பாளர். இதே நிலையம். நான்கு நாள் மிச்சம் வைத்து.

அக்டோபர் 6

பகல் வேலையில் முதல் வாரம் முடிந்தது. ஐந்தரைக்கு வீடு. ஏழரைக்கு மனைவி வந்தாள். இரண்டு பேரும் எதிரெதிராக உட்கார்ந்து என்ன பேசுவது என்று தெரியாமல் விழித்தோம். பத்தொன்பது வருஷம் சீட்டில் பேசிப் பழகிவிட்டது. கொஞ்ச நேரம் கழித்து அவள் எழுந்து, ஒரு சீட்டில் ஏதோ எழுதி என் கையில் கொடுத்தாள். "நல்லாயிருக்கு" என்று இருந்தது.

எனக்கும் நன்றாக இருக்கிறது. ரொம்ப நன்றாக இருக்கிறது.

நவம்பர் 16

இன்று கணக்குத்தாள். அக்கா எழுதப் போயிருந்தாள். போன மாதம் முழுக்க, ஷிப்ட் முடிந்ததும் அலுவலக அறையில் உட்கார்ந்து கணக்குப் போட்டாள். ஒவ்வொன்றும் முடிந்ததும் கை சாய்வாகக் கிளம்பும். "ம்ம்" என்று தனக்குத்தானே அதட்டிக்கொண்டு பேனாவைக் கீழே வைப்பாள்.

ஒன்றே காலுக்குப் போன் அடித்தாள். கணக்கு எப்படி என்று கேட்டேன். அதை விடுங்க என்றாள். விடைத்தாளின் முன்பக்கத்து அறிவுரைகளில் இந்த வருஷம் ஒரு வரி கூடியிருக்கிறதாம், தடித்த எழுத்தில். 'ரத்து' என்று எழுதாமல் கோடு மட்டும் போட்டிருந்தால் அந்த விடையும் திருத்தப்படும் என்று. அப்படியே மனப்பாடம் செய்துகொண்டு வந்து சொன்னாள்.

"அதைப் படிச்சிட்டு அஞ்சு நிமிஷம் எழுதாம உக்காந்திருந்தேண்ணே."

சரி, சாப்பிடு என்று போனை வைத்துவிட்டேன். அந்த வரியை யார் சேர்க்கச் சொன்னார்கள்? பொறியாளரின் கடிதமா, அந்த அம்மாளா, பென்சிலில் கேள்விக்குறி போட்டவரா? யாராக இருந்தாலும் அவர் வீட்டில் எல்லோரும் நன்றாக இருக்கட்டும்.

பிப்ரவரி 9

அக்கா தேறிவிட்டாள். அறுபத்தெட்டு. என்னைவிடப் பதினைந்து கூடுதல். இனிமேல் இந்த நிலையத்தில் கணக்கு விஷயத்தில் என் பேச்சு எடுபடாது.

எல்லோருக்கும் இனிப்பு கொடுத்து முடித்துவிட்டு, சாயங்காலம் என் அறைக்கு வந்தாள். அந்த மனுவை எப்படி எழுத வேண்டும் என்று கேட்டாள். எந்த மனு என்றேன். விடைத்தாளின் நகலுக்கு.

தேறிய பிறகு யாரும் கேட்பதில்லை, எதற்கு என்றேன்.

"ரெண்டு தடவ தோத்ததும், நான் முட்டாள்னு நம்பிட்டேண்ணே. எட்டு வருஷம் நம்பினேன். இப்ப யாரோ ஒருத்தர் உக்காந்து, என் கணக்கைப் படிச்சு, பக்கம் பக்கமா சரி சரின்னு போட்டிருப்பாங்கல்ல. அதை நான் கண்ணால பாக்கணும்."

வெள்ளைத் தாள் ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். ஒரே வரியில் எழுதினாள். உறையில் போட்டு ஒட்டினோம். தபால் பெட்டி வரைக்கும் நானும் கூட நடந்தேன்.